மேனேஜரும் அவரே, புரொமோட்டரும் அவரே: என் தம்பிக்கு நடந்தது

கிள்ளான் பக்கம் எம்எம்ஏ (குத்து, உதை, மல்யுத்தம் எல்லாம் கலந்த கூண்டுச் சண்டை) பழகும் பிள்ளைகள் உங்கள் வீட்டில் இருந்தால் இதைப் படியுங்கள்.

2017-இல் நம்ம மலேசிய வீரர் அகிலன் தாணி சிங்கப்பூரில் அமெரிக்காவின் பென் அஸ்க்ரெனோடு பட்டத்துக்கு மோதினாரே, அன்றிலிருந்து என் தம்பிக்கு இதே பைத்தியம். போன வருடம் ஜிம்முக்கு மேனேஜர் என்று ஒருவர் வந்தார். "உன்னை நான் மேல கொண்டு போறேன் தம்பி, கையெழுத்து மட்டும் போடு." ஆங்கிலத்தில் 11 பக்கம். இரண்டு வருட ஒப்பந்தம், 20 சதவீதம் அவருக்கு. தேநீர் ஆறுவதற்குள் கையெழுத்து போட்டுவிட்டான். என்னிடம் காட்டவே இல்லை.

முதல் போட்டிக்கு 1,500 வெள்ளி (ரிங்கிட்), ஜெயித்தால் இன்னொரு 1,500. கூடவே 80 வெள்ளி டிக்கெட் 40-ஐக் கையில் திணித்தார்கள், விற்றுக் கொடுக்கச் சொல்லி. எச்ஐவி, ஹெப்படைட்டிஸ் ரத்தப் பரிசோதனையும் எங்கள் செலவு.

61.2 கிலோவுக்குப் பேசிய சண்டை. இரண்டு நாள் முன்னால் எதிராளியை மாற்றினார்கள். புது ஆள் தராசில் ஏறினால் 64. எடை தப்பியவன் தன் பணத்தில் 20, 30 சதவீதத்தை எதிராளிக்குக் கொடுப்பது இந்தத் துறையில் வழக்கம். அதைக் கேட்டு வாங்கவோ, சண்டையே வேண்டாம் என்று சொல்லவோதான் மேனேஜர். இவரோ, "அட்ஜஸ்ட் பண்ணிக்கோ, பேர் கெட்டுடும்" என்றார். தம்பி இரண்டாவது ரவுண்டில் தோற்றான். புருவத்தில் ஆறு தையல்.

அடுத்த வாரம் வாட்ஸ்அப்பில் கணக்கு வந்தது. 1,500-இல் கமிஷன் 300 போனது. விற்காத 17 டிக்கெட்டுக்கு 1,360 போனது. ஆக, அடி வாங்கிய என் தம்பி அவருக்கு 160 வெள்ளி பாக்கி!

ஆத்திரத்தில் போஸ்டரை எடுத்துப் பார்த்தேன். அடியில் பொடி எழுத்தில் ஸ்பான்சர்களுக்கு ஒரு நம்பர். மேனேஜரின் அதே நம்பர். போட்டியை நடத்திய புரொமோட்டரே அவர்தான். பிறகு எப்படி வேண்டாம் என்பார்? சண்டை நின்றால் டிக்கெட் காசைத் திருப்பித் தர வேண்டியவரும் அவர்தானே.

இரண்டு வேலையையும் ஒரே ஆள் பார்ப்பது புதிதல்ல. அமெரிக்காவில் மான்டி காக்ஸ் என்பவர் மேட் ஹியூஸ், டிம் சில்வியா போன்றவர்களுக்கு மேனேஜராக இருந்துகொண்டே சொந்தமாகப் போட்டிகளும் நடத்தினார். ஊருக்கே தெரிந்த விஷயம், அவர் ஒளிக்கவில்லை. குத்துச்சண்டையில் இப்படி இரண்டு பக்கமும் உட்காருவதைத் தடுக்க அங்கே 2000-இலேயே முகம்மது அலி பெயரில் சட்டம் வந்தது. எம்எம்ஏவுக்கு அது பொருந்தாது.

160 வெள்ளியை நாங்கள் கொடுக்கவில்லை. அவரும் விடவில்லை. ஒப்பந்தத்தில் இன்னும் 14 மாதம் இருக்கிறது. அதுவரை வேறு யார் கூப்பிட்டாலும் அவர் அனுமதி இல்லாமல் தம்பி கூண்டுக்குள் ஏற முடியாது. பக்கம் ஒன்பதில் இருக்கிறது, நான்தான் படித்துக் காட்டினேன்.

அந்த ஆள் இப்போது ஷா ஆலாம் ஜிம்களில் சுற்றுவதாகக் கேள்வி. யாராவது தாளை நீட்டினால், முதலில் போஸ்டரில் உள்ள நம்பருக்கு ஒரு போன் போட்டுப் பாருங்கள், யார் எடுக்கிறார் என்று.