தடத் தகராறு: ரிட் மனுவா, சிவில் வழக்கா?

ஈரோடு மாவட்டம் கோபிசெட்டிபாளையம் பக்கம் உங்கள் தோட்டத்துக்குப் போகும் வண்டித்தடத்தைப் பக்கத்துத் தோட்டக்காரர் வேலி போட்டு மறித்துவிட்டார். ஸ்டேஷனில் 'கோர்ட்டுக்குப் போங்க' என்கிறார்கள். சரி, எந்தக் கோர்ட்?

உயர் நீதிமன்றத்தில் அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில் ரிட் (அதிகாரிகளுக்கு உத்தரவிடக் கேட்கும் மனு) போட்டுப் போலீஸ் பாதுகாப்புக் கேட்கலாம் (ஈரோடு, கோவைக்காரர்களுக்குச் சென்னை, கரூருக்கு மதுரைக் கிளை). ஆனால் தடம் யாருடையது என்பதே தீராதபோது அது பெரும்பாலும் நிற்காது. அந்த உரிமையைச் சிவில் நீதிமன்றம்தான் முடிவுசெய்ய வேண்டும் என்று 2006-இல் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. உயிருக்கே மிரட்டல் என்றால் மட்டும் ரிட்டை யோசியுங்கள்.

முன்சீப் கோர்ட் (கீழ்நிலைச் சிவில் நீதிமன்றம்) வழி மெதுவானதுதான். முதலில் இடைக்காலத் தடை, அதையும் மீறினால் சிவில் நடைமுறைச் சட்டம் 151-ஆம் பிரிவில் போலீஸ் உதவி மனு. கிரயப் பத்திரத்தில் தடப்பாத்தியம் (தடத்தில் போய்வரும் உரிமை) எழுதியிருந்தால், நான் தயங்காமல் இந்தச் சிவில் வழியையே சொல்வேன்.