மூன்று ஐரிஷ் குடும்பங்கள்: நான் ஏன் 'தி கிரீன் ரோடு' பக்கம் நிற்கிறேன்

எங்கள் வாசிப்பு வட்டத்துக்காகக் குடும்பக் கதை சொல்லும் சமகால ஐரிஷ் நாவல் ஒன்றைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பு என்னிடம் வந்தது. சலித்துச் சலித்து மூன்றில் வந்து நின்றேன்: கிளேர் கீகனின் 'ஃபாஸ்டர்' (2010), ஆன் என்ரைட்டின் 'தி கிரீன் ரோடு' (2015), பால் மரேயின் 'தி பீ ஸ்டிங்' (2023). கடைசியில் என்ரைட்டை எடுத்தேன். மற்ற இரண்டில் எதை எடுத்திருந்தாலும் யாரும் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அதனால்தான் காரணத்தை விரிவாகவே சொல்லத் தோன்றுகிறது.

பக்கக் கணக்கை முதலில் முடித்துவிடலாம். 'ஃபாஸ்டர்' நூறு பக்கம்கூட வராத குறுநாவல், ஒரே மாலையில் முடியும். 'தி பீ ஸ்டிங்' அறுநூறு பக்கங்களைத் தாண்டும். 'தி கிரீன் ரோடு' இரண்டுக்கும் நடுவில். மூவரும் தேர்ந்த உரைநடைக்காரர்கள், அதில் வாதமே இல்லை.

'ஃபாஸ்டர்' 1981 கோடையில் நடக்கிறது. ஏற்கெனவே பிள்ளைகள் நிறைந்த வீட்டில் அம்மா மறுபடி கர்ப்பமாக இருக்கிறாள். அப்பா ஒரு மகளை வெக்ஸ்ஃபோர்டு பக்கம் கின்செல்லா தம்பதியின் பண்ணை வீட்டில் கொண்டுபோய் விடுகிறார். அவளுடைய துணிமணியை இறக்கி வைக்கக்கூட மறந்து கிளம்பிவிடுகிறார். மற்றவர் வீட்டில் அவளுக்குக் கிடைக்கும் அன்பை அந்தச் சிறுமியே சொல்கிறாள், தனக்குப் புரிந்த அளவுக்கு மட்டும். இதைத் தழுவி 2022இல் வந்த 'தி கொயட் கேர்ள்', சர்வதேசப் படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்ற முதல் ஐரிஷ் மொழிப் படம். யாராவது என்னிடம் பரிசளிக்க ஒரு புத்தகம் கேட்டால் இன்றும் இதைத்தான் சொல்வேன்.

'தி பீ ஸ்டிங்' வேறு வேகம். 2008 பொருளாதாரச் சரிவுக்குப் பிந்தைய அயர்லாந்து, ஒரு சிறு நகரம், நொடித்துப்போகும் கார் விற்பனை நிலையம். டிக்கி, அவன் மனைவி இமெல்டா, மகள் கேஸ், மகன் பிஜே என்று நால்வரின் கோணமும் மாறி மாறி வருகிறது. இமெல்டா முதலில் மணக்கவிருந்தது டிக்கியின் தம்பியை. அவன் விபத்தில் இறந்துபோகிறான். அவளுடைய பகுதிகளில் முற்றுப்புள்ளியே இல்லை. மூச்சுவிடாமல் பேசும் ஒரு பெண்ணின் மனம் அப்படியே ஓடுகிறது. படிக்கப் படிக்க ரகசியங்கள் ஒவ்வொன்றாக அவிழும். 2023 புக்கர் குறும்பட்டியலில் இருந்த நாவல். அந்த இடம் இதற்குத் தகும்.

இனி நான் தேர்ந்தெடுத்த நாவல். மேற்கு அயர்லாந்தின் கிளேர் கவுண்டி. ரோசலீன் மேடிகனுக்கு நான்கு பிள்ளைகள்: டேன், கான்ஸ்டன்ஸ், எம்மெட், ஹன்னா. 1980இல் மூத்த மகன் டேன் பாதிரியாராகப் போவதாகச் சொன்னதும் அம்மா போய்ப் படுத்துக்கொள்கிறாள், நாள்கணக்கில் எழுந்திருப்பதில்லை. அதைக் கடைக்குட்டி ஹன்னாவின் கண்வழியே பார்க்கிறோம். பிறகு ஒவ்வொரு பிள்ளைக்கும் தனித்தனி அத்தியாயம், தனித்தனி ஆண்டு, தனித்தனி ஊர். 1991 நியூயார்க்கில் எய்ட்ஸ் நண்பர்களை ஒவ்வொருவராகக் கொண்டுபோகும்போது, டேன் தன் விருப்பத்தைத் தனக்கே ஒப்புக்கொள்ள முடியாமல் நிற்கிறான். அயர்லாந்தில் தன்பால் உறவு அப்போது சட்டப்படி குற்றம், 1993இல்தான் அது நீங்கியது. அந்த அத்தியாயத்தை என்ரைட் 'நாங்கள்' என்ற கூட்டுக் குரலில் எழுதியிருக்கிறார், சாகிறவர்களும் பிழைத்தவர்களும் சேர்ந்து பேசுவதாக. 1997இல் கான்ஸ்டன்ஸ் லிமரிக் மருத்துவமனையில் மார்பகப் பரிசோதனைக்குக் காத்திருக்கிறாள். 2002இல் எம்மெட் மாலியில் நிவாரணப் பணியில் இருக்கிறான்.

2005இல் கணவனை இழந்து தனியாக இருக்கும் ரோசலீன், வீட்டை விற்கப்போவதாகச் சொல்கிறாள். வீட்டு விலை உச்சத்தில் இருந்த காலம் அது. நால்வரும் கிறிஸ்துமஸுக்கு ஒரே மேசையில் கூடுகிறார்கள். ஒருவரைப் பற்றி மற்றவருக்குத் தெரியாதது எல்லாம் நமக்குத் தெரியும். ஹன்னாவின் குடி, எம்மெட்டின் வெறுமை, டேன் டொராண்டோவில் தன் காதலன் லூடோவுடன் அமைத்துக்கொண்ட வாழ்க்கை. அந்த மேசையில் ஒரு சாதாரண வார்த்தை விழுந்தாலும் அது யாரை எங்கே தைக்கும் என்று வாசகருக்கு முன்கூட்டியே தெரிகிறது. குடும்ப விருந்தை இவ்வளவு கூர்மையாக எழுதிய பக்கங்கள் நான் படித்ததில் மிகக் குறைவு.

எனக்கு முடிவைத் தீர்மானித்தது மறுவாசிப்பு. பலர் படித்துப் பேசவேண்டிய நூல் என்றால், கதை தெரிந்த பிறகு அதில் என்ன மிஞ்சுகிறது என்று பார்க்க வேண்டும். 'ஃபாஸ்டர்' மறுவாசிப்பில் இன்னும் ஆழமாகிறது. சிறுமி படுக்கும் அறையில் ஒட்டியிருக்கும் ரயில் படச் சுவர்த்தாளும், அவளுக்கு உடுத்தக் கொடுக்கும் பையன் துணிகளும், அந்த வீட்டின் துயரம் தெரிந்தபின் நெஞ்சை அடைக்கின்றன. ஆனால் நம் சார்பு இடம் மாறுவதில்லை. முதல் தடவை யாரை நேசித்தோமோ அவர்களையே இன்னும் அதிகமாக நேசிக்கிறோம். அவளைப் பெற்றவர்கள் சிறுமியின் பார்வைக்கு அப்பால் வருவதே இல்லை. அந்த வடிவத்தில் அதற்கு இடமும் இல்லை, அதை நான் குறையாகச் சொல்லவில்லை.

'தி கிரீன் ரோடு' எனக்குள் கட்சி மாறியது. முதல் வாசிப்பில் நான் முழுக்கக் கான்ஸ்டன்ஸ் பக்கம். ஊரோடு இருப்பவள் அவள்தான், அம்மாவின் மருந்து, மனத்தாங்கல், கிறிஸ்துமஸுக்குத் தள்ளுவண்டி நிறைய வாங்கவேண்டிய சாமான் எல்லாம் அவள் தலையில். ரோசலீன் எனக்கு வெறும் நச்சரிப்பாகத் தெரிந்தாள். மறுபடி படித்தபோது அதே ரோசலீனின் அத்தியாயத்தில் நகர முடியாமல் நின்றேன். வாழ்த்து அட்டைகளை எழுதியபடி வெற்று வீட்டில் அறை அறையாக நடக்கிறவள் அவள். பெற்றவர்களில் யாருடைய சாயல் யாருக்கு, யார் எப்போது தன்னை விட்டுப் போனார்கள் என்று ஓயாமல் எண்ணிப் பார்க்கிறவள். அவள் செய்கிற எதுவும் நியாயமாகிவிடவில்லை. ஆனால் பிள்ளைகளின் குற்றச்சாட்டுகளும் முன்போல முழுமையாக இல்லை. விருந்து நாளில் அவள் காரை எடுத்துக்கொண்டு கடலோரப் பச்சைப் பாதைக்குப் போய் இருட்டில் வழி தவறும்போது, தேடும் பிள்ளைகள் நால்வரோடும் அவளோடும் ஒரே நேரத்தில் இருந்தேன். இந்த நாவல் எந்த ரகசியத்தையும் நம்பி நிற்கவில்லை, அதனால் கதை தெரிந்துவிட்டது என்ற இழப்பும் இல்லை.

'தி பீ ஸ்டிங்' பற்றி இதே உறுதியோடு பேச முடியாது. முழுதாக ஒரு தடவைதான் படித்தேன், இமெல்டாவின் பகுதிக்கு மட்டும் திரும்பப் போனேன். அது அப்படியே புதிதாக இருந்தது. மற்ற பகுதிகளில் அடுத்து என்ன என்ற பரபரப்புக்குப் பெரிய பங்கு உண்டு. அது தணிந்தபின் டிக்கி எப்படித் தெரிவான் என்பதை இன்னொரு வாசிப்புதான் சொல்லும். நீண்ட விடுமுறை இருப்பவர்கள் தயங்காமல் இதை எடுக்கலாம். கதையின் வேகம் வேண்டுமென்றால் மூன்றில் இதுதான்.

என்ரைட்டைத் தொடங்குகிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அத்தியாயத்துக்கு அத்தியாயம் ஆளும் ஊரும் மாறுவதால் முதல் பாதி சிறுகதைத் தொகுப்பு போலத் தோன்றும். மாலி அத்தியாயத்தில் சிலர் புத்தகத்தை மூடிவைப்பதைப் பார்த்திருக்கிறேன். அங்கே ஒரு தெருநாயை வீட்டுக்குள் சேர்ப்பதா வேண்டாமா என்று எம்மெட்டுக்கும் அவன் காதலி ஆலிஸுக்கும் இடையே எழும் பிணக்கைப் பொறுமையாகப் படியுங்கள். பட்டினி கிடக்கும் ஊர்களுக்கெல்லாம் போய் உதவுகிற ஒருவனால், அம்மாவோடு ஒரு வேளை உணவுக்கு நிம்மதியாக உட்கார முடியாமல் போவதற்கான காரணம் அந்தப் பக்கங்களில் இருக்கிறது.