கோத்தகிரியில் மூன்று நாள் திரைக்கதைப் பயிற்சி: ஒரு மதிப்பீடு

கோத்தகிரிக்கு அருகே தேயிலைத் தோட்டத்தை ஒட்டிய பழைய பங்களா ஒன்றில் நடந்த திரைக்கதைப் பயிற்சி முகாமுக்கு, தங்குமிடமும் சாப்பாடும் உட்பட 9,500 ரூபாய் கட்டி, சென்ற வாரம் போய் வந்தேன். சினிமாவிலும் சின்னத்திரையிலும் எழுத்தைத் தொழிலாகக் கொள்ள வழிகாட்டுவதாக விளம்பரம் சொன்னது. அந்த வாக்கை வைத்தே இதை எடைபோடுகிறேன்.

முதல் நாள் ஏமாற்றம்தான். ஒன்லைன் (கதையின் ஒருவரிச் சுருக்கம்), சீன் ஆர்டர் (காட்சிகளின் வரிசை), இடைவேளைத் திருப்பம் என்று யூடியூபில் கிடைப்பதையே சொன்னார்கள். எடுத்துக்காட்டுகளோ முழுக்க வெளிநாட்டுப் படங்கள். இடைவேளையே இல்லாத படங்களைக் காட்டி இடைவேளைக் காட்சியை எப்படிக் கற்பிப்பது என்பது எனக்கு விளங்கவில்லை.

இரண்டாம் நாள், தொலைக்காட்சித் தொடர்களுக்கு நெடுங்காலம் வசனம் எழுதிய அம்மையார் ஒருவர் வந்தார். அரை மணி நேர ஒளிபரப்பில் விளம்பரம் போக ஏறத்தாழ 22 நிமிடம் மிஞ்சும், வாரத்துக்கு ஆறு பகுதிகள் என்றால் 132 நிமிடம், ஆக வாரந்தோறும் ஒரு முழுநீளப் படத்தின் அளவுக்கு எழுதியாக வேண்டும் என்று அவர் கணக்குப் போட்டுக் காட்டியபோது, கதை, திரைக்கதை, வசனம் ஆகியவற்றுக்கு டைட்டிலில் தனித்தனிப் பெயர்கள் வருவதன் காரணம் புரிந்தது. மாமியாராக நடிப்பவரின் கால்ஷீட் கிடைக்கவில்லை என்று வைத்துக்கொண்டு, அவர் வராமலேயே அவரைச் சுற்றி நடக்கும் ஒரு காட்சியை 40 நிமிடத்தில் எழுதச் சொன்னார். அதில், "அப்பா போய் மூன்று வருஷமாச்சு" என்று அக்காவிடம் தங்கை சொல்வதாக நான் எழுதியிருந்த வரியை அடித்துவிட்டு, "இது அக்காவுக்குத் தெரியாதா?" என்று மட்டும் கேட்டார். கட்டிய பணத்துக்கான பலன் எனக்கு அந்த ஒரு கேள்வியிலேயே கிடைத்துவிட்டது.

ஒப்பந்தம், ஊதியம் பற்றிய வகுப்புக்கு மூன்றாம் நாள் ஒரு மணி நேரமே ஒதுக்கினார்கள். கதை சொல்லப் போகும் முன் அதை எழுத்தாளர் சங்கத்தில் பதிவுசெய்வது, பதிப்புரிமைச் சட்டத்தின் 2012 ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, திரையரங்கத்துக்கு வெளியே படம் பயன்படும்போது எழுத்தாளருக்கு உரிய ராயல்டியை அவரே விட்டுக்கொடுக்க முடியாது என்பது போன்றவை அவசர அவசரமாகக் கடந்து போயின. தொழிலைப் பற்றிய முகாமில் அரை நாளாவது இதற்குத் தந்திருக்க வேண்டும். வசனத்தில் ஓரளவு பழகியவர்கள் இரண்டாம் நாளுக்காகவே போகலாம். புதியவர்களுக்கு இந்தக் கட்டணம் அதிகம்.

நீலகிரிக்கு வெளியூர் வண்டிகளுக்கு இ-பாஸ் வேண்டும் என்பதை ஏற்பாட்டாளர்கள் முன்கூட்டிச் சொல்லவில்லை. காரில் வந்த இருவர் குஞ்சப்பனை சோதனைச்சாவடியில் நின்றுவிட்டு, முதல் வகுப்பின் பாதியில்தான் வந்து சேர்ந்தார்கள். சாப்பாட்டில் குறையில்லை. மழை பிடித்தால் மின்சாரம் போய்விடுகிறது, ஜெனரேட்டரும் இல்லை. இரவில் எழுதும் பழக்கமுள்ளவர்கள் மடிக்கணினியை நம்பாமல் நோட்டும் டார்ச்சும் கொண்டுபோகவும்.