360 மாதம் என்று யாரும் வாய்திறந்து சொல்லவில்லை

போன ஞாயிற்றுக்கிழமை கோவிலில் ஆடிக் கூழ். வரிசையில் எனக்கு முன்னால் நின்ற ஒரு சின்னப் பெண் தன் தோழியிடம் சொல்லிக்கொண்டிருந்தாள்: "வீடு பார்த்துட்டோம், மாசம் 9,000தான் வருதாம், வாடகையை விட கொஞ்சம்தான் அதிகம்." எனக்கு வயிற்றைப் பிசைந்தது. ஐந்து வருடத்துக்கு முன் நானும் இதே மாதிரிதான் பேசிக்கொண்டிருந்தேன். கூழ்ப் பாத்திரத்தோடு அவளை ஓரமாக அழைத்துப்போய்ப் பேசினேன். அவளிடம் சொன்னதை இங்கே முழுசாக எழுதுகிறேன். இங்கே தென்னாப்பிரிக்காவில், டர்பன் பக்கம் வீடு வாங்க நினைக்கிற தமிழ்க் குடும்பங்கள் கண்ணில் இது பட வேண்டும்.

நான் கும்பகோணத்துப் பெண். கல்யாணமாகி இங்கே வந்து பதினாறு வருடம். 2020 கடைசியில், டர்பனில் இந்தியர்கள் அதிகம் வாழும் சாட்ஸ்வர்த்துக்குப் பக்கத்தில் ஒரு வீடு பிடித்தது. விலை 10 லட்சம் ராண்ட். கையில் முன்பணம் கிடையாது, அதனால் முழுத்தொகைக்கும் பாண்ட். (இந்தியாவிலிருந்து படிப்பவர்களுக்கு: இங்கே வீட்டுக்கடனுக்குப் பெயரே பாண்ட்தான்.) ஏஜென்ட் ஓர் ஆளை அறிமுகம் செய்தார். ஒரிஜினேட்டர் என்பார்கள். நாலைந்து வங்கிகளில் நம் விண்ணப்பத்தைப் போட்டுக் கடன் வாங்கித் தருகிற இடைத்தரகர். நம்மிடம் ஒரு காசு வாங்கமாட்டார், கமிஷன் வங்கி கொடுத்துவிடும். அந்தக் கமிஷன் யார் பக்கம் அவரைச் சாய்க்கும் என்று அன்றைக்கு நான் யோசிக்கவில்லை.

நல்ல பேச்சு. என் கணவரை அண்ணா என்பார், என்னை அக்கா என்பார். "அக்கா, இந்த வருஷம் மார்ச்சுக்கு அப்புறம் 10 லட்சம் வரைக்கும் டிரான்ஸ்ஃபர் டியூட்டியே கிடையாது. பிரைம் வட்டி 7 சதவீதத்துக்கு வந்துடுச்சு. இப்ப வாங்கலைன்னா எப்ப வாங்குவீங்க?" இரண்டும் உண்மைதான். டிரான்ஸ்ஃபர் டியூட்டி என்பது வீட்டை நம் பெயருக்கு மாற்றும்போது அரசுக்குக் கட்டும் வரி. அதன் விலக்கு வரம்பு அந்த மார்ச்சில்தான் 10 லட்சமாக உயர்ந்தது. கொரோனாவுக்காக இங்குள்ள ரிசர்வ் வங்கி ரெப்போவை, அதாவது வங்கிகளுக்குத் தான் கடன் தரும் வட்டியை, 3.5 சதவீதத்துக்கு இறக்கியிருந்தது, அதற்கு மேல் 3.5 சேர்த்தால் வங்கிகளின் அடிப்படைக் கடன் வட்டியான பிரைம் 7. அவர் சொல்லாமல் விட்டது ஒன்று: அவ்வளவு தாழ்வான இடத்திலிருந்து வட்டி ஏறத்தான் செய்யும். எங்களுக்குக் கிடைத்ததும் பிரைம் இல்லை, பிரைமுக்கு மேல் ஒரு சதவீதம். அதாவது 8.

"மாசம் 7,400. வாடகை 8,000 கொடுக்கறீங்க, சொந்த வீடு 7,400" என்றார். இந்த ஒரு வரியில்தான் நாங்கள் விழுந்தோம்.

ஊரடங்கு சமயம். கடன் ஒப்பந்தத்துக்குக் கையெழுத்து போனிலேயே. பக்கம் பக்கமாக ஓடியது, விரலால் தள்ளித் தள்ளிக் கடைசியில் பெயர் போட்டோம். இங்கே வீட்டுக்கடன் என்றால் 20 வருடம் என்றுதான் எல்லோரும் பேசுவார்கள். எங்கள் சொந்தத்தில் எல்லோருக்கும் 20 வருடம்தான். எங்களுடையதும் அப்படித்தான் என்று இரண்டரை வருடம் நம்பிக்கொண்டிருந்தோம்.

உண்மை வெளிவந்தது என் மாமியாரால். அத்தை மாகசின் பாராக்ஸில் பிறந்தவர், டர்பன் நகராட்சியில் வேலை செய்த இந்தியர்களின் குடியிருப்பு அது. இனத்துக்கு ஒரு பகுதி என்று ஊரைப் பிரித்த நிறவெறிக் காலத்து இனவாரிப் பகுதிச் சட்டத்தால் அங்கிருந்து கிளப்பிச் சாட்ஸ்வர்த்தில் கொண்டுவந்து விட்ட குடும்பம். கார்ப்பரேஷன் வீட்டுக்குத் தவணை கட்டிய ரசீதுகளை இன்னும் ஒரு பிஸ்கட் டின்னில் வைத்திருக்கிறார். 2023 ஜூலையில் ஒருநாள் ராத்திரி, சாப்பாடு முடிந்து உட்கார்ந்திருக்கும்போது கேட்டார்: "மூணு வருசம் ஆவப்போவுதே, எவ்வளவும்மா மிச்சம்?"

ஸ்டேட்மென்டை எடுத்துப் பார்த்தேன். அதுவரை 31 தவணை போயிருந்தது. கூட்டினால் கிட்டத்தட்ட 2 லட்சத்து 60 ஆயிரம் ராண்ட். தொடங்கும்போது கடன் 10,06,037. அன்றைக்கு மீதி ஏறத்தாழ 9,88,000. இரண்டு லட்சத்து அறுபதாயிரம் கட்டி, கடன் குறைந்தது பதினெட்டாயிரம்!

அத்தை ஒன்றும் பேசவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். நான் இன்னொரு தடவை கூட்டினேன்.

அந்த ஒரு மாதத்துக் கணக்கைத் தனியாகச் சொல்கிறேன், இதுதான் முக்கியம். 2021 நவம்பரிலிருந்து வட்டி ஏற ஆரம்பித்து, 2023 மே மாதத்தில் பிரைம் 11.75 ஆகிவிட்டது. எங்களுக்கு 12.75. தவணை 7,400இலிருந்து 10,830க்கு வந்திருந்தது. அந்த 10,830இல் வட்டி 10,500. அசலில் கழிந்தது 335 ராண்ட். கணக்கை வைத்திருப்பதற்கான மாதக் கட்டணம் 69 ராண்ட் தனி. ஒரு வீட்டுக்கு உழைத்த உழைப்பில் ஒரு மாதத்துக்கு நமக்குச் சேர்ந்தது 335.

மறுநாள் வங்கிக் கிளைக்குப் போனேன். கவுன்டரில் இருந்த பெண் ஒப்பந்தத்தை அச்செடுத்துக் கொடுத்தாள். கால அளவு: 360 மாதங்கள். முப்பது வருடம். எனக்கு அன்றைக்கு 41 வயது, கடன் முடியும்போது 68. ஒரிஜினேட்டருக்குப் போன் போட்டேன். "அக்கா, 20 வருஷம்னா உங்க சம்பளத்துக்கு இடிச்சிருக்கும், அதான் 30 போட்டேன். கையெழுத்து போட்டது நீங்கதானே?" என்றார். எங்களிடம் ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்லையா? 20 வருடத்துக்கு என்ன, 30 வருடத்துக்கு என்ன என்று பக்கத்தில் பக்கத்தில் எழுதிக் காட்ட ஐந்து நிமிடம் ஆகாது. அவர் செய்யாததை நான் செய்து பார்த்தேன். அன்றைய 8 சதவீதத்தில் 20 வருடத் தவணை 8,415. முப்பது வருடத் தவணை 7,382. மாதம் ஆயிரம் ராண்ட் வித்தியாசம். ஆனால் கட்டி முடிக்கும் மொத்தம் 20 வருடத்தில் 20 லட்சத்து 20 ஆயிரம், 30 வருடத்தில் 26 லட்சத்து 57 ஆயிரம். அந்த ஆயிரத்துக்கு விலை 6 லட்சத்துக்கு மேல். அதுவும் வட்டி 8இலேயே நின்றிருந்தால்.

அப்புறம் ஒரு கணக்குப் போட்டேன், அதைப் பார்த்துத்தான் உண்மையில் அழுதேன். 2023இல் 12.75 வட்டியில், மிச்சமிருந்த 9,88,000ஐ ஒப்பந்தப்படி 329 மாதத்தில் முடிக்க மாதம் 10,830. அதையே 240 மாதத்தில் முடிக்க 11,400. மாதம் 570 ராண்ட் கூடுதல், அவ்வளவே. மொத்தத்தில் மிச்சமாவது 8 லட்சத்துக்கு மேல். வட்டி உயர உயர, காலத்தை நீட்டுவதால் தவணையில் கிடைக்கிற சலுகை கரைந்துபோகிறது. வட்டி மட்டும் நீள்கிறது. தவணை கஷ்டமாக இருக்கிறது, அதனால் காலத்தை நீட்டுகிறோம் என்று யாராவது சொன்னால், எவ்வளவு குறைகிறது என்று முதலில் கேளுங்கள்.

கடன் ஏன் 10 லட்சமாக இல்லாமல் 10,06,037இல் தொடங்கியது என்று கேட்கலாம். கடன் தொடக்கக் கட்டணம். வாட் வரியோடு 6,037 ராண்ட், சட்டம் அனுமதிக்கிற உச்சம் அது. அதைக் கையிலிருந்து கட்டவும் நமக்கு உரிமை உண்டு. எங்களிடம் யாரும் கேட்கவில்லை, கடனிலேயே சேர்த்துவிட்டார்கள். அந்த 6,037 முப்பது வருடத்தில் 8 சதவீதத்திலேயே 16,000 ஆகிவிடும். வீட்டுக் காப்பீடும் இதேபோல வங்கியின் பாலிசியையே மாட்டிவிட்டிருந்தார்கள். நாமே வேறு கம்பெனியில் எடுத்துக் காட்டலாம், சட்டத்தில் இடமுண்டு. இதெல்லாம் போக வக்கீல் செலவு, முனிசிபாலிட்டி வரி, தண்ணீர். டியூட்டி இல்லை என்றவர் இவற்றில் ஒன்றையும் வாயில் எடுக்கவில்லை.

வேறு வங்கிக்கு மாறலாம் என்று பார்த்தேன். ஒரு வங்கி பிரைமிலேயே தரத் தயார் என்று எழுதிக் கொடுத்தது. பழைய வங்கி சொன்னது: 90 நாள் முன்னறிவிப்பு இல்லாமல் கடனை மூடினால் மூன்று மாத வட்டி அபராதம். எங்களுக்கு 31,000க்கு மேல். தேசியக் கடன் சட்டமே அதை அனுமதிக்கிறது. முன்கூட்டியே எழுத்தில் நோட்டீஸ் கொடுத்து 90 நாள் காத்திருந்தால் அந்த அபராதம் கிடையாது. வீட்டை விற்கப்போகிறவர்களும் இதைக் குறித்துக்கொள்ளுங்கள். விற்பனை முடிந்த பிறகு நோட்டீஸ் கொடுத்து அபராதம் கட்டியவர்களை எனக்குத் தெரியும். மாறினால் புதிய பாண்ட் பதிவுக்கும் பழையதை ரத்து செய்வதற்கும் வக்கீல் செலவு வேறு. அதனால் நான் மாறவில்லை. அந்தக் கடிதத்தை எடுத்துப்போய் எங்கள் வங்கியிடமே வைத்தேன். இரண்டு வாரம் இழுத்தார்கள். கடைசியில் 12.75ஐ 11.75 ஆக்கினார்கள். கேட்கும் வரை தருவதில்லை, கேட்டால் தருகிறார்கள். மூன்று வருடம் ஒழுங்காகக் கட்டியவர்கள் எல்லோரும் போய்க் கேளுங்கள்.

வட்டி குறைந்ததும் தவணை 10,080 ஆனது. நாங்கள் 12,000ஆகக் கட்ட ஆரம்பித்தோம். என் சனிக்கிழமைத் தமிழ் டியூஷன் காசு முழுவதும் அதற்குத்தான். அந்த வட்டியிலேயே 12,000 கட்டினால் 27 வருடக் கடன் 14 வருடத்தில் முடியும். இங்கே வட்டியைத் தினசரி மீதியின் மேல் கணக்கிடுகிறார்கள், அதனால் கூடுதல் பணத்தைச் சம்பளம் வந்த அன்றே போட்டுவிடுவது நல்லது.

இதிலும் ஒரு பள்ளம் இருந்தது. 2024 செப்டம்பரில் ரிசர்வ் வங்கி கால் சதவீதம் குறைத்தது. வங்கியிலிருந்து கடிதம்: உங்கள் தவணை 9,653ஆகக் குறைக்கப்பட்டுள்ளது, மகிழ்ச்சி. 427 ராண்ட் குறைவு. கால் சதவீதத்துக்கு இவ்வளவு குறையாதே என்று கணக்குப் போட்டேன். வட்டிக் குறைப்பால் வந்தது 180தான். மீதி 245, ஒரு வருடமாக நாங்கள் வாயைக்கட்டி வயிற்றைக்கட்டிக் கூடுதலாகப் போட்ட பணம். அது காலத்தைக் குறைக்காமல் தவணையைக் குறைக்கப் போய்விட்டது. மீதித் தொகையை 30 வருடத்தின் மிச்சத்துக்கே மறுபடி பரப்பி வைத்திருந்தார்கள். கவனிக்காமல் விட்டிருந்தால் கடன் பழையபடி நீண்டிருக்கும். கணக்கிலிருந்து மாதாமாதம் தானாகப் போகிற டெபிட் ஆர்டரை 12,000இலேயே நிறுத்தி வைக்கும்படி எழுதிக் கொடுத்தேன். ஒவ்வொரு வட்டி மாற்றத்துக்குப் பிறகும் ஸ்டேட்மென்டைப் பார்த்துச் சரிபார்க்கிறேன். போன மாதம் அந்த 12,000இல் 3,700க்கு மேல் அசலில் கழிந்திருக்கிறது.

புகார் கொடுத்தாயா என்று கேட்பீர்கள். வங்கியிடம் எழுத்தில் கொடுத்தேன். கால அளவும் மொத்தத் தொகையும் ஒப்பந்தத்துக்கு முன் கொடுத்த கொட்டேஷனில் (கடன் விவரம் எழுதிய தாளில்) இருந்தன, நீங்கள் ஒப்புக்கொண்டீர்கள் என்று பதில் வந்தது. இருந்ததும் உண்மை. சட்டப்படி அந்தக் கொட்டேஷனைக் கொடுத்தே ஆக வேண்டும், ஐந்து வேலை நாளைக்கு அது செல்லும். அந்த ஐந்து நாளும் நமக்குப் படிக்கக் கொடுத்த நாள். "ரேட் போயிடும், இன்னிக்கே போடுங்க" என்று எங்களை அவசரப்படுத்தியது பொய். வங்கியின் பதில் உங்களுக்குத் திருப்தி இல்லை என்றால் 2024இல் தொடங்கிய தேசிய நிதிக் குறைதீர்ப்பு அமைப்புக்குப் போகலாம், கட்டணம் இல்லை. என் கையெழுத்து தெளிவாக இருந்ததால் நான் அங்கே போகவில்லை.

கூழ் வரிசையில் பார்த்த அந்தப் பெண் செவ்வாய்க்கிழமை தன் கணவரோடு வீட்டுக்கு வந்தாள், கொட்டேஷனைக் கையில் எடுத்துக்கொண்டு. அத்தையும் கூட உட்கார்ந்தார். மூன்றாம் பக்கத்தில் இருந்தது: 360. அவர்களுக்கும் யாரும் சொல்லவில்லை. தொடக்கக் கட்டணமும் கடனிலேயே சேர்ந்திருந்தது. கொட்டேஷன் காலாவதியாக இன்னும் மூன்று நாள் இருந்தது. அங்கேயே உட்கார்ந்து, 240 மாதத்துக்கு வேறொரு கொட்டேஷன் வேண்டும், கட்டணத்தைக் கையிலேயே கட்டுகிறோம் என்று மின்னஞ்சல் எழுதி அனுப்பிவிட்டுத்தான் எழுந்தார்கள்.