பதவி உயர்வில் தவறவிடப்பட்டால்: மேன்முறையீடா, அடிப்படை உரிமை மனுவா?

யாழ்ப்பாணக் கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) வேலை செய்பவர் மத்திய அரசாங்க ஊழியர். பொதுச் சேவை ஆணைக்குழுவின் முடிவு பிழையென்றால், நிர்வாக மேன்முறையீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். புள்ளி வழங்கிய முறை, சேவை மூப்புக் கணக்கு போன்ற கோவைச் சிக்கல்களுக்கு இதுவே பொருத்தம்; செலவும் குறைவு. வட மாகாணத் திணைக்கள ஊழியருக்கு இந்த வழி இல்லை. மாகாணப் பொதுச் சேவை ஆணைக்குழுவின் முடிவுகள் அத்தீர்ப்பாயத்துக்குப் போவதில்லை.

மற்றது, அரசியலமைப்பின் 12(1) ஆம் உறுப்புரையின் சமத்துவத்தை வைத்து உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு. ஒரே தகைமையுள்ள இருவரில் ஒருவரை மட்டும் சேவைப் பிரமாணக் குறிப்புக்கு (அந்தச் சேவையின் நியமன, பதவி உயர்வு விதிகளுக்கு) மாறாக உயர்த்தியிருந்தால் இது வலுவான ஆயுதம். ஆனால் கொழும்புக்கு அலைய வேண்டும், சட்டத்தரணிக் கட்டணமும் சிறிதல்ல.

பலர் சறுக்குவது காலக்கெடுவில்தான். 126(2) ஆம் உறுப்புரைப்படி மனுவுக்கு ஒரு மாதமே உண்டு. திணைக்களத்துக்கு முறையீடு அனுப்பிவிட்டுப் பதிலுக்குக் காத்திருப்பதால் அந்த மாதம் நிற்காது! அதே மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், அங்கே விசாரணை நிலுவையிலிருக்கும் காலம் கணக்கில் சேராது. முறைப்பாட்டு இலக்கம் மட்டும் போதாது. விசாரணை நடக்கிறது என்பதற்கான கடிதத்தையும் கேட்டு வாங்குங்கள்.

எந்த வழியானாலும் முதலில் 2016 ஆம் ஆண்டின் 12 ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்கீழ் நேர்முகத் தேர்வுப் புள்ளித்தாளையும் புள்ளித்திட்டத்தையும் கேளுங்கள். தகவல் அலுவலர் 14 வேலை நாட்களுக்குள் முடிவு சொல்ல வேண்டும். ஒரு மாதத்தில் பாதிக்கு மேல் அதிலேயே போய்விடும். ஆகவே பெறுபேறு வந்த மறுநாளே விண்ணப்பத்தைக் கொடுப்பது நல்லது.