நடனம் அமைக்க யார்: ஐஸ் டான்ஸரா, ஒற்றையர் வீரரா?

ஃபிகர் ஸ்கேட்டிங் (பனித்தளத்தில் இசைக்குச் சறுக்கி ஆடும் விளையாட்டு) ஆடும் பிள்ளைக்கு யாரிடம் நடனம் அமைக்கலாம் என்று குழம்புகிறவர்களுக்கு 2018 பியாங்சாங் ஒலிம்பிக் நல்ல உதாரணம். ஜப்பான் ஒற்றையர் வீரர் யுசுரு ஹன்யூவின் ஷார்ட் புரோகிராமை (போட்டியின் முதல், குறுகிய ஆட்டம்) அமைத்தவர் ஜெஃப்ரி பட்டில், 2008 ஒற்றையர் உலக சாம்பியன். ஃப்ரீ ஸ்கேட்டான (இரண்டாவது, நீண்ட ஆட்டம்) 'செய்மெய்', ஒரு ஜப்பானிய மந்திரவாதியைப் பற்றியது, ஷே-லின் போர்ன் அமைத்தது. இவர் விக்டர் கிராட்ஸுடன் 2003இல் ஐஸ் டான்ஸ் (ஜோடியாக ஆடும் பனி நடனப் பிரிவு) உலகப் பட்டம் வென்றவர். இருவருமே கனடாக்காரர்கள்.

காலடி வேலை:
போர்ன் – ஐஸ் டான்ஸில் பெரிய தாவல்களே கிடையாது. பிளேடின் விளிம்பு, தாளம், உடல்மொழி, இவற்றை வைத்தே புள்ளி எடுத்தாக வேண்டும். அந்தப் பழக்கம் 'செய்மெய்'யில் அப்படியே தெரியும். முதல் கையசைவிலேயே அந்த மந்திரவாதிக் கதாபாத்திரம் வந்துவிடுகிறது.
பட்டில் – இவரும் லேசுப்பட்டவர் இல்லை. ஷோப்பானின் பியானோ இசைக்கு அவர் அமைத்த அந்த ஷார்ட் புரோகிராமில் அலட்டல் துளியும் இல்லை.

தாவல்கள்:
போர்ன் – ஐஸ் டான்ஸ் போட்டியில் மும்முறைச் சுழற்சித் தாவலுக்கு இடமே இல்லை. எங்கே மூச்சு வாங்கும் என்பதைப் பயிற்சியாளர்தான் சொல்ல வேண்டும்.
பட்டில் – தாவி, விழுந்து, எழுந்து கற்றவர்.

முடிவு? பியாங்சாங்கில் ஹன்யூவுக்கு ஷார்ட்டில் 111.68 புள்ளி, ஃப்ரீயில் 206.17, தங்கம். தாவல் கைவந்து, ஆட்டம் மட்டும் வறண்டு கிடக்கிறதா? ஐஸ் டான்ஸரிடம் போங்கள். தாவலே இன்னும் தடுமாறுகிறதென்றால் ஒற்றையர் வீரர்தான் சரி.