கேம் கிளிப்புக்கு எத்தனை விநாடி வேண்டும்? 4 வருடம் மாற்றி மாற்றி வைத்துப் பார்த்த அனுபவம்

துப்பாக்கிச் சண்டை ஆட்டமான வேலரண்டில் தனி ஆளாக நின்று நான்கு பேரை வீழ்த்தி, ஸ்பைக் என்ற குண்டையும் டிஃபியூஸ் செய்தது, அதாவது செயலிழக்க வைத்தது, என் வாழ்க்கையில் ஒரே ஒரு முறைதான். 2021-ல் நடந்தது. அந்தக் கிளிப் இன்னும் என் கணினியில் இருக்கிறது. ஆனால் அதில் இரண்டு பேர்தான் விழுகிறார்கள்.

எதிரணி ஸ்பைக்கை வைத்துவிட்டது. வெடிக்க 45 விநாடி. எங்கள் அணியில் மிச்சம் நான் மட்டும். ஓடிப்போய் நுழைந்த வேகத்தில், முதல் பத்துப் பதினோரு விநாடிக்குள் இரண்டு பேரை அடித்துவிட்டேன். அப்புறம் ஒரு பெட்டிக்குப் பின்னால் அசையாமல் நின்றேன். 27-வது விநாடியில் மூன்றாவது ஆள், 31-ல் நான்காவது ஆள். டிஃபியூஸ் செய்ய 7 விநாடி ஆகும்; முடிந்தபோது 40. ஹெட்செட்டில் எல்லாரும் கத்துகிறார்கள், நானும் கத்துகிறேன். “டேய், எடுத்தியா? கிளிப் எடுத்தியாடா?” என்று ஒருவன் கேட்ட பிறகுதான், நடந்து முடிந்ததைக் கிளிப்பாகச் சேமிக்க விண்டோஸ், ஆல்ட், ஜி மூன்றையும் சேர்த்து அழுத்தினேன். அப்போது 52-வது விநாடி. கிளிப் நீளம் 30 விநாடி என்று இருந்தது. 52-லிருந்து 30 போனால் 22. முதல் இரண்டு பேரும் அதற்கு முன்பே விழுந்தாயிற்று.

இந்தக் கணக்கை அன்றைக்கு ராத்திரியே கிளிப்பை நிறுத்தி நிறுத்திப் பார்த்துப் போட்டேன். கிளிப் நீளம் என்ற ஒரு செட்டிங்கை நான் கவனிக்க ஆரம்பித்தது அன்றிலிருந்துதான். அதற்குப் பிறகு நான்கு வருடம், நான்கு மென்பொருள், எத்தனையோ முறை மாற்றங்கள். இதே மாதிரி ஒரு நல்ல ரவுண்டைப் பாதியாகப் பறிகொடுத்தவர்களுக்கு உதவும் என்றுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் இது எப்படி வேலை செய்கிறது என்பதைச் சொல்லிவிடுகிறேன். பின்னணியில் ரெக்கார்டிங் ஓடிக்கொண்டே இருக்கும். நிறைந்த தொட்டியில் குழாயைத் திறந்துவிட்ட மாதிரி. புதிதாக ஒரு விநாடி உள்ளே வந்தால் பழைய ஒரு விநாடி வழிந்து வெளியே போய்விடும். பட்டனை அழுத்தும் நேரத்தில் தொட்டியில் இருப்பது மட்டும்தான் கிடைக்கும். வழிந்து போனதை எந்த மென்பொருளாலும் திரும்பக் கொண்டுவர முடியாது. அதனால் நீளத்தை முடிவு செய்வது ஆட்டத்துக்கு முன்னால் செய்ய வேண்டிய வேலை.

விண்டோஸில் ஏற்கெனவே இருக்கும் கேம் பார் என்ற ரெக்கார்டிங் வசதிக்குத் தனியாக எதுவும் நிறுவ வேண்டாம். செட்டிங்ஸில் கேமிங், அதற்குள் கேப்சர்ஸ் பகுதிக்குப் போனால், நடந்ததைப் பதிவு செய்யும் வசதியை ஆன் செய்யலாம். அதன் கீழேயே எவ்வளவு நேரம் என்று தேர்ந்தெடுக்கலாம். 15 விநாடி முதல் 10 நிமிடம் வரை போகும். பட்டியலில் இருப்பதில் ஒன்றைத்தான் எடுக்க முடியும், நமக்கு வேண்டிய எண்ணைத் தட்டச்சு செய்ய முடியாது. அதே பக்கத்தில் இன்னொரு நேர அளவும் இருக்கிறது. அது விண்டோஸ், ஆல்ட், ஆர் அழுத்தி நாமே தொடங்கும் ரெக்கார்டிங் அதிகபட்சம் எவ்வளவு நேரம் ஓடலாம் என்பதற்கு. பலர் இதை மாற்றிவிட்டு கிளிப் நீளம் மாறவில்லையே என்று குழம்புகிறார்கள். என் சித்தி மகனும் “அண்ணா, 2 மணி நேரம்னு வெச்சிருக்கேன், அப்பவும் அரை நிமிஷம்தான் வருது” என்று கேட்டான். இரண்டும் வேறு வேறு செட்டிங். பார்த்து மாற்றுங்கள்.

அந்த முறிந்த கிளிப்புக்குப் பிறகு நான் செய்தது எதிர்த் திசையில் ஒரு தவறு. புது கிராபிக்ஸ் கார்டு வாங்கியதும் என்விடியாவின் இன்ஸ்டன்ட் ரீப்ளேக்கு மாறினேன். ஆல்ட், எஃப்10 அழுத்தினால் சேமிக்கும். நீளத்தை 20 நிமிடம் வரை இழுத்து வைக்கலாம். இனி எதையும் விடக் கூடாது என்று 10 நிமிடம் வைத்தேன். பிட்ரேட் (விநாடிக்குப் பதிவாகும் தரவின் அளவு) 20 எம்பிபிஎஸ், மெகாபிட் கணக்கில். அதாவது விநாடிக்கு 2.5 எம்பி, ஒரு கிளிப்புக்கு 1.5 ஜிபி. ஒரு சாயங்காலம் எட்டு முறை அழுத்தினால் 12 ஜிபி போச்சு. ஆனால் இடம் போனதுகூட எனக்குப் பெரிதாகப் படவில்லை. பத்து நிமிட வீடியோவுக்குள் அந்த ஒரு ஷாட் எங்கே இருக்கிறது என்று தேட வேண்டியிருந்ததே, அதுதான் ஆளைச் சோர்வாக்கியது. ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து வெட்டலாம் என்று தள்ளி வைப்பேன். அடுத்த ஞாயிறு இன்னும் பதினைந்து கோப்பு சேர்ந்திருக்கும். சில மாதத்தில் ஃபோல்டரைத் திறப்பதையே நிறுத்திவிட்டேன். அதில் நல்ல ஆட்டங்கள் இருந்தன, எனக்குத் தெரியும். ஆனால் எந்தக் கோப்பில் என்று தெரியாது. கடைசியில் டிஸ்க் நிறைந்தபோது பார்க்காமலேயே அழித்தேன். 30 விநாடி வைத்து இழந்ததைவிட 10 நிமிடம் வைத்து இழந்ததுதான் அதிகம் என்று இன்றும் நினைக்கிறேன்.

பின்னணியில் எழுதிக்கொண்டே இருந்தால் எஸ்எஸ்டி (கணினியின் சேமிப்பு டிஸ்க்) கெட்டுவிடுமே என்ற பயம் எனக்கும் இருந்தது. இன்ஸ்டன்ட் ரீப்ளே தற்காலிகக் கோப்புகளை டிஸ்கில்தான் எழுதுகிறது. 20 எம்பிபிஎஸ்ஸில் மணிக்கு 9 ஜிபி. தினமும் 4 மணி நேரம் ஆடினால் 36 ஜிபி, வருடத்துக்குச் சுமார் 13 டெராபைட். சாம்சங் 870 ஈவோ 500 ஜிபி எஸ்எஸ்டிக்கு 300 டெராபைட் வரை எழுதலாம் என்று அந்த நிறுவனமே சொல்கிறது. இருபது வருடத்துக்கு மேல் தாங்கும் கணக்கு. இந்தப் பயத்தை விட்டுவிடலாம்.

2023-ல் ஓபிஎஸ் என்ற ரெக்கார்டிங் மென்பொருளுக்கு வந்தேன். அதில் ரீப்ளே பஃபர் என்று ஒரு வசதி. அவுட்புட் செட்டிங்கில் ஆன் செய்துவிட்டு, எத்தனை விநாடி என்று எண்ணை நாமே எழுதலாம். 37 வேண்டுமென்றால் 37. எனக்கு இது பெரிய விடுதலையாக இருந்தது. இது டிஸ்கில் எழுதாமல் ரேமில் வைத்துக்கொள்கிறது. எவ்வளவு மெமரி பிடிக்கும் என்ற மதிப்பீட்டையும் அந்த இடத்திலேயே காட்டுகிறது. 20 எம்பிபிஎஸ்ஸில் 90 விநாடிக்கு 225 எம்பி. அதே 10 நிமிடம் என்றால் 1.5 ஜிபி ரேம் இதற்கே போகும். என் கணினியில் அப்போது 8 ஜிபிதான். நீளத்தைக் குறைக்க எனக்கு நல்ல காரணம் கிடைத்தது.

ஓபிஎஸ்ஸில் இரண்டு விஷயத்தை மறக்கக் கூடாது. சேமிப்பதற்கான ஹாட்கீயை (அழுத்த வேண்டிய பட்டனை) நாம்தான் அமைக்க வேண்டும். ரீப்ளே பஃபரையும் ஒவ்வொரு முறையும் தொடங்க வேண்டும். நான் பல நாள் மறந்திருக்கிறேன். ஓபிஎஸ் திறக்கும்போதே அது தானாகத் தொடங்கும்படி ஷார்ட்கட்டில் ஒரு சொல் சேர்க்கலாம். அதைச் செய்த பிறகு ஒரு நாளும் தவறவில்லை.

சரி, எத்தனை விநாடி? நான் கண்டுபிடித்த வழி எளிமையானது. பழைய கிளிப்புகளைத் திறந்து, விஷயம் முடிந்த நொடியிலிருந்து கிளிப் முடியும் வரை எத்தனை விநாடி என்று எண்ணினேன். கை பட்டனுக்குப் போக ஆகும் தாமதம் அது. தனியாக ஆடும்போது 4, 5 விநாடி. நண்பர்களோடு ஆடும்போது 10 முதல் 12. கத்தி முடித்துவிட்டுத்தானே அழுத்துவோம்! இந்தத் தாமதத்தோடு அந்த ஆட்டத்தில் ஒரு சம்பவம் எவ்வளவு நேரம் நடக்கும் என்பதைக் கூட்ட வேண்டும். வேலரண்டில் ஸ்பைக் வைத்ததிலிருந்து வெடிக்கும் வரை 45. அதோடு 12 சேர்த்தால் 57. ஒரு நிமிடம் வைத்தால் நூலிழையில் தப்பிக்கலாம். ஆனால் ஸ்பைக் வைப்பதற்கு முன் யார் எங்கே இருந்தார்கள் என்று தெரிந்தால்தான் பார்ப்பவருக்கு அந்தத் தனி ஆள் நிலைமை புரியும். அதற்கு 15 விநாடி சேர்த்து, 75-ல் கொண்டுவந்து நிறுத்தினேன்.

கார்களை ஓட்டிக் கால்பந்து ஆடும் ராக்கெட் லீகுக்கு இந்த எண் ஒத்துவராது. அங்கே ஒரு கோல் உருவாக ஏழெட்டு விநாடி போதும். கோல் விழுந்ததும் ஆட்டமே அதை ரீப்ளே போட்டுக் காட்டும். அது முடிந்த பிறகு பட்டனை அழுத்தினால், கிளிப்பில் அதே கோல் இரண்டு முறை இருக்கும். அதனால் கோல் விழுந்த உடனே அழுத்திப் பழகினேன். 20 விநாடி தாராளம். ஓபிஎஸ்ஸில் ஆட்டத்துக்கு ஒரு ப்ரொஃபைல் (செட்டிங் தொகுப்பு) வைத்துக்கொண்டால் நீளமும் அதோடு மாறிவிடும். எண்ணை ஒவ்வொரு தடவையும் கையால் மாற்ற வேண்டியதில்லை.

எல்டன் ரிங் ஆட்டத்தில் பெரிய எதிரியோடு நடக்கும் பாஸ் சண்டைகள் வேறு சாதி. நாற்பது தடவை செத்து, நாற்பத்தொன்றாவது தடவை ஜெயிக்கும்போது அந்த ஐந்து நிமிடமும் முழுதாக வேண்டும். கடைசி அடி மட்டும் இருந்து என்ன செய்ய? முதலில் பாஸ் இருக்கும் இடத்துக்குள் போகும் மூடுபனிக் கதவுக்கு முன்னால் நின்று ரெக்கார்டிங் தொடங்கி, தோற்றால் நிறுத்தி அழித்தேன். ஒருநாள் நிறுத்தாமல் ஓடவிட்டேன். பாஸ் விழுந்து, கையெல்லாம் நடுங்கிக்கொண்டிருந்தது. அந்த நேரத்தில் கரண்ட் போனது. எம்பி4 கோப்பு முறையாக முடியவில்லை, அதனால் எந்த பிளேயரிலும் திறக்கவில்லை. அதன் அட்டவணை கடைசியில்தான் எழுதப்படும் என்பது அப்போதுதான் தெரிந்தது. எம்கேவி என்ற இன்னொரு கோப்பு வகையாக இருந்தால் நின்ற இடம் வரை பிழைத்திருக்கும். நீண்ட ரெக்கார்டிங் எதையும் அதற்குப் பிறகு நான் எம்கேவியில்தான் எடுக்கிறேன். வேண்டியபோது ஓபிஎஸ்ஸிலேயே ரீமக்ஸ் செய்து (கோப்பு வகையை மட்டும் மாற்றி) எம்பி4 ஆக்கிக்கொள்ளலாம், தரம் குறையாது.

2024 நவம்பரில், ஆட்டங்களை வாங்கி ஆடும் தளமான ஸ்டீம் தன் கேம் ரெக்கார்டிங் வசதியை எல்லாருக்கும் திறந்துவிட்டது. இந்த மாதிரிச் சண்டைகளுக்கு இப்போது அதுதான். பின்னணியில் ஓடும், நான் விரும்பும் இடத்தில் கன்ட்ரோல், எஃப்12 தட்டினால் டைம்லைனில் ஒரு குறி விழும். ஆட்டம் முடிந்து ஆற அமர உட்கார்ந்து, குறிக்கு முன்னும் பின்னும் இழுத்து, வேண்டிய நீளத்தைப் பிறகு முடிவு செய்யலாம். 10 நிமிடம் வைத்தபோது என்னைச் சோர்வாக்கிய தேடல் இதில் இல்லை. பாஸ் ஒன்றுக்கு ஒரு குறி போதும்.

பகிரும்போது இன்னொரு கணக்கு வருகிறது. நண்பர்களோடு பேசும் செயலியான டிஸ்கார்டில் இலவசக் கணக்குக்கு ஒரு கோப்பு 10 எம்பிதான். என் 75 விநாடி மூலக்கோப்பு 187 எம்பி. லாஸ்லெஸ்கட் என்ற வெட்டும் மென்பொருளில் 18 விநாடிக்கு வெட்டி, அளவைச் சுருக்கும் ஹேண்ட்பிரேக்கில் 720பி, 4 எம்பிபிஎஸ் கொடுத்தால் 9 எம்பி சொச்சம் வரும், ஒலியையும் சேர்த்துத்தான். ஒன்று கவனியுங்கள்: மறுபடி என்கோட் செய்யாமல் (வீடியோவைப் புதிதாக உருவாக்காமல்) வெட்டும்போது கீஃபிரேம், அதாவது முழுப் படமாகச் சேமித்த ஃபிரேம், இருக்கும் இடத்தில்தான் வெட்டு விழும். நீங்கள் வைத்த புள்ளியிலிருந்து சில விநாடி முந்திய இடத்துக்குத் தள்ளிப்போகும். ஓபிஎஸ்ஸில் கீஃபிரேம் இடைவெளியை 2 விநாடியாக வைத்த பிறகு எனக்கு இந்தத் தொல்லை பெருமளவு குறைந்தது. யூடியூப் ஷார்ட்ஸ் 2024 அக்டோபரிலிருந்து 3 நிமிடம் வரை ஏற்கிறது. ஆனாலும் 40 விநாடிக்கு மேல் போனதை என் நண்பர்களே முழுதாகப் பார்ப்பதில்லை.

அன்றைக்கு “எடுத்தியாடா?” என்று கேட்ட நண்பன் இப்போது வேலைக்காக வெளிநாட்டில் இருக்கிறான். அவனுக்கு விடியும் நேரத்தில் எனக்கு ராத்திரி. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை சேர்ந்து ஆடினால் அதிசயம். ஓபிஎஸ்ஸில் அவன் குரல் தனி ட்ராக்கில் பதிவாகும்படி வைத்திருக்கிறேன். அந்த நாட்களில் மட்டும் 75-ஐ 90 ஆக்கிவிடுவேன். ரவுண்டு முடிந்ததும் உடனே அழுத்துவதும் இல்லை. அவன் பேசி முடிக்கட்டும் என்று காத்திருந்து, அப்புறம்தான் பட்டனைத் தொடுகிறேன்.